குடித்தனங்களுக்கு நடுவே ஒரு பள்ளி

ஏழைப் பிள்ளைகளின் பள்ளிகள்: வரலாற்றுத் தொடர் – 9

1844இல் ஒரு சங்கமாகத் திரண்ட லண்டனின் கந்தல் பள்ளிகள், தெருவில் திரிந்த பிள்ளைகளைக் குதிரை லாயங்களிலும் ரயில் பாலங்களின் வளைவுகளுக்கு அடியிலும் உட்காரவைத்து எழுத்தும் வேதமும் சொல்லிக்கொடுத்த கதையை முந்தைய அத்தியாயம் விவரித்தது. அப்பள்ளிகளை நடத்தியவர்களின் இரக்கத்தில் ஐயமில்லை. ஆனால் பிள்ளையை அதன் வீட்டின் பிடியிலிருந்து விலக்கினால்தான் கரையேற்ற முடியும் என்ற நம்பிக்கை அவர்களில் பலரிடம் ஊறியிருந்தது. அதற்கு நேர்மாறான ஓர் ஏற்பாடு 1907இல் ரோம் நகரத்தில் உருவானது. அங்கே பிள்ளை வீட்டை விட்டுப் பள்ளிக்குப் போகவில்லை. அது குடியிருந்த கட்டடத்துக்குள்ளேயே பள்ளி வந்து சேர்ந்தது. அதன் செலவு கட்டடத்தின் பராமரிப்புக் கணக்கிலிருந்து கிடைத்தது. ஆசிரியை மற்றக் குடித்தனக்காரர்களைப் போல அங்கேயே குடியிருந்தார். மாண்டிசோரி என்ற பெயரைக் கேட்டதும் கட்டணம் மிகுந்த மழலையர் பள்ளிகளே இன்று நினைவுக்கு வருவதால், அப்பெயர் புகழடைந்த கதையைக் கல்வியிலிருந்து தொடங்காமல் வீட்டு வாடகையிலிருந்து தொடங்குவதே முறை.

போப்பாண்டவரின் ஆட்சியிலிருந்த ரோம் 1870 செப்டம்பரில் இத்தாலியப் படையின் கைக்கு வந்து, மறு ஆண்டே ஒன்றுபட்ட நாட்டின் தலைநகரானது. அப்போது 2 லட்சத்தைச் சற்றே தாண்டியிருந்த மக்கள்தொகை, 1901இல் நாலரை லட்சத்தைக் கடந்துவிட்டது. அமைச்சகங்களும் அலுவலகங்களும் எழும்ப எழும்பக் கொத்தனார்களும் கூலிகளும் ரயில்வே தொழிலாளிகளும் நாட்டுப்புறங்களிலிருந்து வந்து குவிந்தனர். இவர்களுக்கென்று நகரின் பழைய மதிலுக்கு வெளியே, திபுர்தீனா வாயிலை அடுத்து, ஒருபுறம் ரயில் பாதைகளும் மறுபுறம் வெரானோ கல்லறைத் தோட்டமும் நெருக்கிய நிலத்தில் எழுந்த குடியிருப்புதான் சான் லோரென்சோ. அதன் தெருக்களுக்கு மார்சி, வோல்சி, லத்தீனி என்று பழங்கால இத்தாலியக் குடிகளின் பெயர்கள் சூட்டப்பட்டன. பெயர்களில் இருந்த கம்பீரம் தெருக்களில் இல்லை.

1884 முதல் 1888 வரை ரோமில் கட்டட வெறி என்று சொல்லத்தக்க ஒரு வேகம் இருந்தது. வங்கிகள் கடனை வாரி வழங்க, ஒப்பந்தக்காரர்கள் ஐந்து மாடி, ஆறு மாடி என்று எழுப்பினார்கள். கடன் வற்றியதும் பூசாத சுவர்களோடும் கதவில்லாத நிலைகளோடும் கட்டடங்கள் அப்படியே நின்றுபோயின. வசதியுள்ள குடும்பங்களுக்காகப் பெரிய பெரிய வீடுகளாகக் கட்டப்பட்டிருந்த அவற்றின் முழு வாடகையைக் கொடுக்கக்கூடியவர் எவரும் அப்பகுதியில் இல்லாததால், ஒருவர் வீட்டை மொத்தமாக எடுத்து அறை அறையாக உள்வாடகைக்கு விடுவதும், அறையை எடுத்தவர் அதன் மூலைகளை மற்றவர்களுக்கு விடுவதும் வழக்கமாயின. தமிழில் ஒண்டுக்குடித்தனம் என்று சொல்லப்படும் வாழ்க்கையின் மிகக் கொடிய வடிவம் இது. ஏனெனில் நகரத்திலேயே ஏழையானவர், தான் ஒண்டியிருந்த சதுர அடிக்குக் கணக்குப் பார்த்தால், வசதியானவரைவிட அதிக வாடகை கொடுத்துக்கொண்டிருந்தார். குற்றமும் காய்ச்சலும் அங்கே குடியேறியதற்கு அம்மக்களின் குணத்தைக் காரணம் காட்டிய பத்திரிகைகள், இந்த வாடகைக் கணக்கைக் காட்டவில்லை.

சீரழிந்த இக்கட்டடங்களை வாங்கித் திருத்தி வாடகைக்கு விட முன்வந்தது, நிலையான சொத்துகளுக்கான ரோம் நிறுவனம் என்று பொருள்படும் பெயர் கொண்ட ஒரு முதலீட்டு நிறுவனம். அதன் தலைமையில் இருந்தவர் எடோவார்டோ டலாமோ என்ற பொறியாளர். நெருக்கமாக நின்ற பகுதிகளை இடித்து நடுவில் முற்றம் விடுவது, வெளிச்சமும் காற்றும் எல்லா அறைகளுக்கும் எட்டச் செய்வது, பெரிய வீடுகளை ஓரிரு அறையும் சமையலறையும் கொண்ட சிறு வீடுகளாகப் பிரிப்பது, அவற்றை உள்வாடகைக்கு இடமில்லாதபடி ஒரு குடும்பத்துக்கு ஒன்று என்று கொடுப்பது, வீட்டை நன்றாக வைத்திருப்பவருக்குப் பரிசளிப்பது என்பது அவர் வகுத்த திட்டம். இது தருமமன்று, பங்குதாரர்களுக்கு ஆதாயம் கொடுக்க வேண்டிய வியாபாரம். ஆயினும் நல்ல வீடு நீடித்த வாடகையைத் தரும் என்று கணக்கிடத் தெரிந்த வியாபாரம்.

அக்கணக்கில் ஒரே ஓர் ஓட்டை இருந்தது. தாயும் தந்தையும் விடிந்ததும் வேலைக்குப் போய்விட, பள்ளி வயதை எட்டிய பிள்ளைகள் பள்ளிக்குப் போக, மூன்று வயதிலிருந்து ஆறு வயது வரையிலான குழந்தைகள் நாள் முழுவதும் மாடிப்படிகளிலும் முற்றத்திலும் தனியாகக் கிடந்தன. புதிதாக வெள்ளையடித்த சுவர்களில் கிறுக்கின, படிகளை அழுக்காக்கின, கைக்கு எட்டியதை உடைத்தன. இச்சேதத்தைச் சரிசெய்ய ஆகும் பணத்தைக் கொண்டே அக்குழந்தைகளை ஓர் அறையில் சேர்த்துப் பார்த்துக்கொள்ளலாமே என்று டலாமோ யோசித்தார். இருபதாம் நூற்றாண்டின் மிகப் புகழ்பெற்ற குழந்தைப் பள்ளி, இவ்வாறு வெள்ளையடிக்கும் செலவை மிச்சப்படுத்தும் யோசனையாகப் பிறந்தது. இதை மறைத்து, ஒரு மகானின் கனவிலிருந்து அது பிறந்ததாக எழுதும் வரலாறுகள் பல உள்ளன. ஆனால் மாண்டிசோரி அம்மையாரே இதை மறைக்கவில்லை.

1906இன் இறுதியில், அக்குழந்தைகளின் பொறுப்பை ஏற்கக் கேட்டு டலாமோ அணுகியபோது மரியா மாண்டிசோரிக்கு வயது 36. 1896இல் ரோம் பல்கலைக்கழகத்தில் மருத்துவப் பட்டம் பெற்று, மனநல விடுதிகளில் அடைபட்டிருந்த மனவளர்ச்சி குன்றிய குழந்தைகளைக் கண்டு மருத்துவத்திலிருந்து கல்வியின் பக்கம் திரும்பியவர் அவர். இட்டார், செகுவான் என்ற இரண்டு பிரெஞ்சு மருத்துவர்கள் அத்தகைய குழந்தைகளுக்காக வகுத்திருந்த, புலன்களின் வழியாக அறிவைத் தூண்டும் பயிற்சிகளைக் கற்று, அவற்றுக்கான கருவிகளைத் தாமே வளர்த்தெடுத்திருந்தார். அதே பயிற்சிகளை இயல்பான குழந்தைகளிடம் செய்து பார்க்க வாய்ப்பில்லாமல் இருந்தார். அவருக்கு 1898இல் பிறந்த மகன் மாரியோ, மணமாகாத தாயின் பிள்ளை என்பதால் நாட்டுப்புறத்தில் வேறொரு குடும்பத்திடம் வளர்ந்துகொண்டிருந்தான். தாய் வேலைக்குப் போனபின் குழந்தை யாரிடம் இருக்கும் என்ற கேள்வியை அவர் ஏட்டில் மட்டும் படித்தவரல்லர். ஆனால் இவ்விரண்டையும் முடிச்சுப் போட்டு அவர் எங்கும் எழுதவில்லை என்பதால், வரலாறும் இதை இந்த அளவோடு விட்டுவிடுவது நல்லது.

1907 ஜனவரி 6ஆம் நாள், இத்தாலியில் குழந்தைகளுக்குப் பரிசு கொடுக்கும் மூவிராசர் திருநாளன்று, மார்சி தெருவின் 58ஆம் எண் கட்டடத்தில் ஐம்பது அறுபது குழந்தைகளோடு பள்ளி திறக்கப்பட்டது. குழந்தைகளின் வீடு என்று பொருள்படும் 'காசா தெய் பம்பீனி' என்ற பெயர் அதற்கு வைக்கப்பட்டது. பொறுப்பேற்ற கான்டிடா நூச்சிடெல்லி என்ற பெண்மணி அக்கட்டடத்திலேயே குடியிருந்தார். இது தற்செயலன்று, விதி. குழந்தைகளை நடத்துபவர் குடித்தனக்காரர்களின் நடுவே வாழ வேண்டும், அவர்களுடைய நோயும் சண்டையும் சம்பளநாளும் அவருக்குத் தெரிந்திருக்க வேண்டும் என்பது மாண்டிசோரியின் எண்ணம். கட்டணம் கிடையாது. ஆனால் சுவரில் மாட்டப்பட்ட விதிமுறைகளின்படி, தாய் தன் குழந்தையை நேரத்துக்குக் குளிப்பாட்டி, சுத்தமான உடையில், மேலே ஏப்ரன் கட்டி அனுப்ப வேண்டும். வாரத்துக்கு ஒருமுறையாவது ஆசிரியையைக் கண்டு குழந்தை வீட்டில் எப்படி இருக்கிறது என்று பேச வேண்டும். அவருக்கு மரியாதை காட்ட வேண்டும். அழுக்காக வரும் குழந்தையும், பெற்றோரின் நடத்தையால் பள்ளியின் வேலைக்குக் கேடு நேர்ந்தால் அவர்களின் குழந்தையும் நீக்கப்படும். குழந்தைகளின் எடை வாரந்தோறும், உயரம் மாதந்தோறும் அளந்து ஏட்டில் குறிக்கப்பட்டன.

விதிகளைப் படிப்பவருக்கு இரண்டு உணர்ச்சிகள் மாறி மாறி எழும். தாயைக் கூப்பிட்டுப் பேசச் சொல்லும் விதியில், ஏழைத் தாய்க்கும் தன் குழந்தையைப் பற்றிச் சொல்ல ஏதோ இருக்கிறது என்ற மதிப்பு தெரிகிறது. கந்தல் பள்ளிகள் இந்த மதிப்பை எளிதில் கொடுக்கவில்லை. ஆனால் அழுக்காக வந்தால் வெளியே அனுப்பும் விதி, விடியுமுன் வேலைக்கு ஓடும் தாயின் மீது இன்னொரு சுமையை ஏற்றியது. வாடகையை ஒழுங்காக வசூலிக்க விரும்பும் வீட்டுக்காரரின் குரலும் அதில் கேட்கிறது. இரக்கம் இங்கே நிபந்தனையோடுதான் வந்தது.

பள்ளிக்கென்று ஒதுக்கப்பட்ட பணம் நிறுவனத்தின் அலுவலகச் செலவுக் கணக்கில் வந்ததால், வழக்கமான பள்ளி மேசை பெஞ்சுகளை வாங்க வழியில்லாமல் போனது. குழந்தைகள் தாமே தூக்கி நகர்த்தக்கூடிய சிறு மேசைகளும் நாற்காலிகளும் செய்யப்பட்டன. ஆசிரியரின் மேடையும் வரிசையாகத் தரையோடு அறைந்த பெஞ்சும் இல்லாத வகுப்பறை என்ற பெரும் மாற்றத்துக்குக் கணக்குப் புத்தகத்தின் ஒரு தலைப்பும் காரணமாயிற்று. கருவிகள் முதலில் பூட்டிய அலமாரியில்தான் இருந்தன. ஒருநாள் ஆசிரியை அதைப் பூட்ட மறந்து, தாமதமாகவும் வந்து பார்த்தபோது, குழந்தைகள் தமக்கு வேண்டியதைத் தாமே எடுத்து வேலை செய்துகொண்டிருந்தார்கள். ஆசிரியைக்கு அது திருட்டாகத் தெரிந்தது. மாண்டிசோரியோ, எது தமக்கு வேண்டும் என்று தேர்ந்தெடுக்கும் அளவுக்கு அக்குழந்தைகள் தெளிந்துவிட்டார்கள் என்று கண்டு, உயர்ந்த அலமாரிக்குப் பதிலாகக் குழந்தைகளின் கைக்கு எட்டும் தாழ்ந்த அடுக்குகளை வைக்கச் செய்தார்.

அப்பள்ளியின் இயல்பைக் காட்டுவதற்கு, பிற்காலத்தில் உலகமெங்கும் விற்கப்பட்ட மரக்கட்டைகளைவிட, மூக்குச் சிந்துவது பற்றி அவர் நடத்திய ஒரு பாடமே பொருத்தமான சான்று. கைக்குட்டையை எப்படிப் பிடிப்பது, சத்தமில்லாமலும் பிறர் கண்ணில் படாமலும் எப்படிச் சிந்துவது என்று அவர் வேடிக்கையாகச் செய்துகாட்டினார். குழந்தைகள் சிரிப்பார்கள் என்று எதிர்பார்த்தார். அவர்களோ மூச்சுவிடாமல் பார்த்திருந்துவிட்டு, முடிந்ததும் அரங்கத்தில் கைதட்டுவதைப் போலத் தட்டித் தீர்த்தார்கள். அவர் புறப்பட்டபோது வாசல்வரை பின்தொடர்ந்து நன்றி சொன்னார்கள். மாண்டிசோரி இதை யோசித்துப் பார்த்துக் கண்டது எளிய உண்மை. சளி வழியும் மூக்குக்காக அக்குழந்தைகள் பிறந்ததிலிருந்து திட்டு வாங்கியிருந்தார்கள்; எல்லோரும் அவர்களை அதற்காக இளப்பமாகப் பார்த்தார்கள்; எப்படிச் சிந்த வேண்டும் என்று ஒருவரும் பொறுமையாகச் சொல்லித்தரவில்லை. அவர் நடத்தியது சுகாதாரப் பாடம். அவர்கள் பெற்றதோ மரியாதை. ஏழைப் பிள்ளைகளின் பள்ளிகளைப் பற்றி இத்தொடரில் இதுவரை வந்த செய்திகளில் இதற்கு இணையானது அரிது.

எழுத்தறிவைப் பொறுத்தவரை, தொடக்கத்தில் மாண்டிசோரிக்கு அதில் விருப்பமில்லை. ஆறு வயதுக்குமுன் எழுத்தைத் திணிக்கக்கூடாது என்பதே அக்காலக் கல்வியாளர்களின் பொதுக்கருத்து. அவரை அதற்கு இழுத்தவர்கள் கட்டடத்தின் தாய்மார்கள். எழுதப் படிக்கத் தெரியாத அவர்கள் கூட்டாக வந்து, இவ்வளவு சொல்லித்தருகிறவர்கள் எழுத்தையும் சொல்லித்தரக்கூடாதா என்று கேட்டார்கள். மரத்தில் செதுக்கிய எழுத்துகளைச் செய்யும் செலவு கட்டுப்படியாகாததால், தச்சர்கள் மரத்தை இழைக்கப் பயன்படுத்தும் உப்புத்தாளை எழுத்து வடிவில் வெட்டி வழவழப்பான அட்டையில் ஒட்டினார்கள். குழந்தை அதன்மேல் விரலை ஓட்டினால் எழுத்தின் போக்கை விரலே உணர்ந்துகொள்ளும், வழி தவறினால் சொரசொரப்பு நின்றுபோய்த் தவறைக் காட்டிக்கொடுக்கும். உலகப் புகழ்பெற்ற உப்புத்தாள் எழுத்துகளுக்குப் பின்னால் ஒரு தத்துவமும் இருக்கிறது, பணமுடையும் இருக்கிறது. அவ்வாண்டின் டிசம்பர் மாதத்தில் ஒருநாள், புகைபோக்கியைச் சுண்ணக்கட்டியால் வரையச் சொல்லப்பட்ட ஐந்து வயதுச் சிறுவன் ஒருவன், வரைந்து முடித்ததும் தன்னால் எழுத முடிகிறது என்று கூவிக்கொண்டு, கை, புகைபோக்கி, கூரை என்று பொருள்படும் இத்தாலியச் சொற்களைத் தரையில் எழுதத் தொடங்கினான். மற்றக் குழந்தைகளும் சுண்ணக்கட்டி கேட்டு நெருக்கினர். சுவரில் கிறுக்குவதைத் தடுக்கத் தொடங்கிய பள்ளி, எழுதுவதை நிறுத்த முடியாத குழந்தைகளை உண்டாக்கிவிட்டது. இதை டலாமோ எப்படி எடுத்துக்கொண்டார் என்பது ரசமான கேள்வி.

பள்ளி வீட்டுக்குள் இருந்ததன் விளைவை இன்னொரு நிகழ்ச்சி காட்டுகிறது. புகழ் பரவிய பிறகு, அர்ஜென்டினா நாட்டுத் தூதர் முன்னறிவிப்பில்லாமல் பள்ளியைப் பார்க்க வந்த நாள் விடுமுறை நாளாக அமைந்தது. முற்றத்தில் விளையாடிக்கொண்டிருந்த குழந்தைகள், காவலாளியிடம் சாவி இருக்கிறது, நாங்கள் எல்லோரும் இங்கேதான் இருக்கிறோம் என்று சொல்லி, கதவைத் திறக்கச் செய்து, ஆசிரியை இல்லாமலே உள்ளே சென்று தத்தம் வேலையில் அமர்ந்தார்கள். வேறெந்தப் பள்ளியிலும் இது நடந்திருக்க முடியாது. ஏனெனில் வேறெந்தப் பள்ளியும் குழந்தைகளின் சொந்த வாசலில் இருக்கவில்லை.

1907 ஏப்ரல் 7ஆம் நாள் அதே பகுதியில் இரண்டாவது இல்லம் திறந்தது. அக்காலத்து உரையொன்றில் மாண்டிசோரி, இந்த ஏற்பாட்டைத் தாய்மைப் பணியைப் பொதுவாக்குதல் என்ற கருத்தால் விளக்கினார். பணக்காரப் பெண் செவிலியையும் ஆசிரியையையும் அமர்த்திக்கொண்டு தன் குழந்தையின் வளர்ப்பைக் கண்ணெதிரே வைத்திருப்பதைப் போல, வேலைக்குப் போகும் ஏழைப் பெண்ணும் தன் வீட்டுக் கட்டடத்திலேயே குழந்தையை நம்பி விட்டுச் செல்லலாம், நினைத்த நேரத்தில் போய்ப் பார்க்கலாம் என்பதே அதன் பொருள். பள்ளி பெற்றோரின் கூட்டுச் சொத்து என்றும் அவர் கூறினார். அவர்கள் வீட்டைப் பேணுவதால் மிஞ்சும் பணம்தானே அதை நடத்துகிறது என்பது அவருடைய வாதம். நோயாளிகளுக்கான அறையும் பொதுச் சமையலறையும் இதேபோல் வீட்டுக்குள் வரும் காலத்தை அவர் கற்பனை செய்தார். அவருடைய முழுச் சிந்தனையிலும் துணிச்சலானது இந்தப் பகுதிதான். பிற்காலத்தில் அவருடைய முறையைப் பின்பற்றியவர்கள் மிகக் குறைவாகப் படித்ததும் இதையே.

விலகல் விரைவாகவே தொடங்கியது. 1908 அக்டோபரில் மிலான் நகரின் தொழிலாளர் குடியிருப்பு ஒன்றில், உமானிதாரியா என்ற மக்கள்நலச் சங்கம் ஓர் இல்லத்தைத் திறந்ததும், தன் தொழிற்கூடத்திலேயே கருவிகளைச் செய்துகொடுத்ததும் சான் லோரென்சோவின் வழியில்தான் நடந்தன. ஆனால் அடுத்த மாதமே, நவம்பர் 4ஆம் நாள், ரோமின் பிராத்தி பகுதியில் நடுத்தர வகுப்பினருக்கான புதுக் கட்டடத்தில் இன்னோர் இல்லம் திறந்தது. 1909இல் மாண்டிசோரியின் முதல் நூல் வெளிவந்தது. 1912இல் அதன் ஆங்கில மொழிபெயர்ப்பு அமெரிக்காவில் விற்றுத் தீர்ந்தது. இதற்கிடையில் டலாமோவுக்கும் அவருக்கும் மனத்தாங்கல் முற்றி, மாண்டிசோரி உருவாக்கிய சான் லோரென்சோ இல்லங்களோடு அவருக்கே தொடர்பறுந்தது. 1911இல் நியூயார்க்கை அடுத்த டாரிடவுனில் அமெரிக்காவின் முதல் மாண்டிசோரி பள்ளி தொடங்கியபோது, அதில் சேர்ந்தவர்கள் செல்வக் குடும்பங்களின் குழந்தைகள். கொத்தனாரின் குழந்தைக்காக வகுக்கப்பட்ட முறை வங்கியாளரின் குழந்தைக்குப் போய்ச்சேர நான்கே ஆண்டுகள் போதுமாயிருந்தன.

இதற்கு மாண்டிசோரியை மட்டும் பொறுப்பாக்குவது நேர்மையாகாது. மரக்கட்டைகளையும் உப்புத்தாள் அட்டைகளையும் பெட்டியில் அடைத்துக் கப்பலேற்றலாம். ஆசிரியைப் பயிற்சியைச் சான்றிதழாகக் கொடுக்கலாம். பராமரிப்புப் பணத்தைப் பள்ளிக்குத் திருப்பும் வீட்டுக்காரரையும், மாடிப்படியில் சந்திக்கும் ஆசிரியையையும், எழுத்துச் சொல்லிக்கொடு என்று கூட்டாக வந்து கேட்கும் தாய்மார்களையும் அப்படி அனுப்ப முடியாது. ஆயினும் இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும்: அனுப்ப முடியாததை அந்தந்த ஊரில் உண்டாக்க வேண்டும் என்று அவரும் பிற்காலத்தில் வற்புறுத்தவில்லை. கருவிகளின் தூய்மையைக் காக்க அவர் எடுத்துக்கொண்ட பிடிவாதத்தில் கால்பங்கை வீட்டின் பக்கம் காட்டியிருந்தால், அவருடைய இயக்கத்தின் வரலாறே வேறாக இருந்திருக்கும்.

தமிழ்நாட்டோடு இக்கதைக்கு நேரான உறவு உண்டு. 1939இல் பிரம்மஞான சபையின் அழைப்பில் அடையாற்றுக்கு வந்த மாண்டிசோரி, போரின் காரணமாகப் பல ஆண்டுகள் இந்தியாவிலேயே தங்க நேர்ந்து, ஓலைக் கொட்டகைகளில் நூற்றுக்கணக்கான ஆசிரியர்களுக்குப் பயிற்சியளித்தார். அதற்கு வெகுகாலம் கழித்து, 2003இல் சென்னை மாநகராட்சியின் 13 பள்ளிகளில் தொடங்கி மாநிலம் முழுவதும் பரவிய செயல்வழிக் கற்றல், பாயில் அமர்வதையும், குழந்தை தானே எடுக்கும் அட்டைகளையும், கைக்கு எட்டும் கரும்பலகையையும் ஏழைப் பிள்ளைகளின் வகுப்பறைக்கு மீண்டும் கொண்டுவந்தது. ஆனால் அங்கும் வந்து சேர்ந்தவை அட்டைகளே. ஆசிரியர் அக்குடியிருப்பிலேயே வாழ வேண்டும் என்ற மார்சி தெருவின் விதி வரவில்லை. அடையாற்றுக் கொட்டகைகளின் கதை அடுத்த அத்தியாயத்தில்.